நாற்பத்தொரு கன சென்ரிமீற்றர்

போன மாதம் நிலானி தொலைபேசியில் அழைத்தாள். உலோகம் வெட்டும் பட்டறையில் நான் விட்டுவந்த மேசையில் இப்போது இருப்பவள் அவள்தான். புதிய இயந்திரம் ஒன்று வந்திருக்கிறதாம். நிமிடத்துக்கு எவ்வளவு உலோகம் வெட்டுப்படுகிறது என்று அதன் திரையிலேயே எண் ஓடுகிறதாம்.

"அக்கா, நீங்கள் உண்மையாவே ஒவ்வொரு துண்டையும் தராசிலை வைச்சு நிறுத்தனீங்களா? மடம் வெர்தியே சொன்னவ. நான் நம்பேல்லை."

"ஓம். நிறுத்துத்தான் பாத்தனாங்கள்."

"புர்க்குவா அக்கா? கணக்குப் போட்டால் வருந்தானே!"

ஏன் என்று ஒரு வரியில் பதில் சொல்ல எனக்கு வரவில்லை. மகளைப் பள்ளியிலிருந்து கூட்டிவர நேரமாகிவிட்டது என்று சொல்லி வைத்துவிட்டேன். நேரம் இன்னும் இருந்தது. லா சப்பல் மெத்ரோ ரயில் பாலத்தின் கீழே நடந்து போகும்போதெல்லாம் அந்தப் பதிலைத் தேடிக்கொண்டிருந்தேன். அவளுக்குச் சொல்லியிருக்கலாமோ, சொன்னால் விளங்கியிருக்குமோ என்று. அதனால்தான் எழுதுகிறேன்.

வேலை ஓய்வுபெற்றவர்கள்தான் இப்படி எழுதுவது வழக்கம். எனக்கு முப்பத்து நான்கு வயது. ஆனால் அந்தத் தொழிலில் இருந்து எனக்கு ஓய்வு கொடுத்துவிட்டார்கள். வெட்டும்போது சூடு தணிக்க ஊற்றும் பால்போன்ற திரவம் என் கைகளுக்கு ஒத்துவரவில்லை. கையுறை மாற்றிப் பார்த்தேன், களிம்பு மாற்றிப் பார்த்தேன். கடைசியில் வேலைத்தல மருத்துவர் என் விரல்களைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, இந்தக் கையோடு இனி அந்த மண்டபத்துக்குள் போகக்கூடாது என்று எழுதிக் கொடுத்தார். பிள்ளையைக் குளிப்பாட்டும்போது என் கை அவளுடைய தோலை உரஞ்சிவிடுமோ என்று பயந்துகொண்டிருந்த காலம் அது. அதனால் அழவில்லை. அழாதது சரியா என்று பிறகு யோசித்தேன்.

படித்த கதை சிறியது. உயர்தரம் முடித்து, உலோக வேலைத் தயாரிப்பில் இரண்டு வருடப் படிப்பு. வகுப்பில் இரண்டே இரண்டு பெண்கள். அம்மா கோயிலில் சந்திக்கிறவர்களுக்கு, "மூத்தவள் கொம்பியூட்டர் படிக்கிறாள்" என்று சொன்னார். இரும்பு என்று சொல்ல அவருக்கு வாய் வரவில்லை. படிப்பு முடிந்த வருடமே, லெ பிளாங்-மெனிலுக்கு அப்பால் தொழிற்பேட்டையில் இருந்த ஒரு சிறிய பட்டறையில் வேலை கிடைத்தது. தண்ணீர்ப் பம்பிகளுக்கு வேண்டிய துருப்பிடிக்காத உருக்குப் பாகங்களை அங்கே வெட்டினார்கள். காலையில் கார் டு நோர் நிலையத்தில் ரயில் எடுப்பேன்; மாலையில் திரும்பி வந்து தமிழ்க் கடைகள் உள்ள ரூ காய் வீதியில் மரக்கறி வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போவேன்.

என் வேலை அளப்பது. ஒரு உருக்குக் கட்டி இயந்திரத்துக்குள் போகும். அதில் ஒரு பங்கு சீவலாக உதிரும். மிச்சம் பாகமாக வெளியே வரும். அந்தச் சீவல் நிமிடத்துக்கு எத்தனை கன சென்ரிமீற்றர் என்பதை நான் சொல்லவேண்டும். எத்தனை நாளில் எத்தனை பாகம் தரலாம் என்று வாங்குபவருக்குச் சொல்வதும், எந்த இயந்திரத்தில் எதைப் போடுவது என்று தீர்மானிப்பதும் அந்த எண்ணை வைத்துத்தான்.

காகிதத்தில் அது மூன்று எண்களின் பெருக்கல். கருவி எவ்வளவு ஆழம் இறங்குகிறது, எவ்வளவு அகலம் வெட்டுகிறது, நிமிடத்துக்கு எவ்வளவு தூரம் நகர்கிறது. நிலானி சொன்ன கணக்கு அதுதான். ஆனால் கட்டி எப்போதும் வரைபடத்தில் உள்ள அளவில் வருவதில்லை. கருவி சில இடங்களில் வெறும் காற்றை வெட்டிக்கொண்டு போகும். இயக்குபவரின் கை வேறு இருக்கிறது. ஆகவே நிறுத்துப் பார்ப்போம். வெட்ட முன் ஒரு நிறை, வெட்டிய பின் ஒரு நிறை. குறைந்த கிராமை எட்டால் வகுத்தால் கன சென்ரிமீற்றர் வரும், அந்த உருக்கு ஒரு கன சென்ரிமீற்றருக்கு ஏறக்குறைய எட்டுக் கிராம் இருக்கும் என்பதால். அதை நிமிடத்தால் வகுக்கவேண்டும். அவ்வளவுதான். எளிது என்றுதான் நானும் நினைத்துப் போனேன்.

எனக்கு மேலே இருந்தவர் மடம் வெர்தியே. யாராவது ஒரு எண்ணோடு அவரிடம் வந்தால் மூக்குக்கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்துவிடுவார். கண்ணாடி இல்லாமல் அவருக்குக் காகிதம் தெரியாது. காகிதத்தை அவர் பார்க்க விரும்பவில்லை. கொண்டுவந்த ஆளைத்தான் பார்ப்பார். பிறகு ஒரே கேள்வி கேட்பார்.

"எதனுடைய நேரம்?"

இயந்திரத்தின் கதவைப் பூட்டித் திறக்கும் வரையான நேரமா, கருவி சுழன்ற நேரமா, அல்லது கருவி உலோகத்தைத் தொட்டதிலிருந்து விடும் வரையான நேரமா? பதில் சொல்ல ஒரு கணம் தடுமாறினாலும், "சரி, பிறகு பேசுவோம்" என்று கண்ணாடியை எடுத்து மாட்டிக்கொள்வார். திட்டமாட்டார். திட்டினால் நன்றாயிருக்குமே என்று தோன்றும்.

நான் சேர்ந்த புதிதில், ஒரு பாகத்தை நிறுத்து எண்ணைக் கொண்டுபோனேன். அந்த முறை நேரத்தைப் பற்றி அவர் கேட்கவில்லை. எழுந்து என்னோடு கீழே வந்தார். தராசில் இருந்த பாகத்தை இரண்டு கைகளாலும் தூக்கி, ஒரு வெள்ளைக் காகிதத்தின் மேல் கவிழ்த்துப் பிடித்தார். துளைகளுக்குள் தங்கியிருந்த திரவம் சொட்டுச் சொட்டாக விழுந்தது. ஈரமான காகிதத்தை என் கையில் தந்துவிட்டுப் படியேறிப் போய்விட்டார். அதன்பிறகு ஒவ்வொரு துளையையும் காற்றடித்துக் காயவைத்து, துணியால் துடைத்து, மறுபடி காற்றடித்துத்தான் தராசில் வைப்பேன். அந்தத் திரவம்தான் பிறகு என் கையைத் தின்றது. அதை அவரிடம் குறையாகச் சொல்ல எனக்கு மனமில்லை.

இப்போது அன்ரன் அண்ணையைப் பற்றிச் சொல்லவேண்டும்.

அவர் மன்னார்க்காரர். எங்கள் பட்டறைக்கு அந்தெறிமில் வந்தவர், அதாவது முகவர் நிலையம் மூலமாகக் கொஞ்சம் கொஞ்ச நாட்களுக்கு ஒப்பந்தம் புதுப்பித்து வேலை செய்கிறவர். நான் அங்கே போனபோது மண்டபத்தில் இருந்த ஒரே தமிழர். என்னைக் கண்ட அன்றே, "எட, எங்கடை பிள்ளை! உவங்களுக்குக் கோப்பி போட்டுக் கீட்டுக் குடுத்திடாதை, பிறகு பழகிப்போயிடுவாங்கள்" என்றார். மனைவியும் மகளும் மன்னாரில் இருந்தார்கள். அவர்களை இங்கே கூப்பிடப் போட்ட தொசியே, அதாவது விண்ணப்பக் கோப்பு, நிரந்தர வேலை ஒப்பந்தம் இருந்தால்தான் நகரும் என்று அவருக்குச் சொல்லப்பட்டிருந்தது. மகள் பிறந்தபோது ஒருமுறை போய்ப் பார்த்தவர். பிறகு தொலைபேசித் திரையில்தான். மதிய இடைவேளையில் தொலைபேசியை உருக்குக் கட்டிகளின் மேல் சாய்த்து வைத்துவிட்டுச் சாப்பிடுவார். அங்கே அவர்களும் சாப்பிட்டுக்கொண்டிருப்பார்கள்.

ஒரே மாதிரியான இரண்டு இயந்திரங்கள் பக்கத்தில் பக்கத்தில் இருந்தன. ஒரே கட்டி, ஒரே நிரல். ஒன்றில் போர்த்துக்கீசரான பவுலோ. மற்றதில் அன்ரன் அண்ணை. பவுலோவின் இயந்திரத்தில் இருந்து எப்போதும் கூடுதலாகப் பாகங்கள் வந்தன. பத்ரோன் அதைக் கவனித்தார். அவரை முதலாளி என்று சொல்வதைவிடப் பத்ரோன் என்றுதான் எல்லோரும் சொல்வோம். இன்னும் ஒருவருக்கு நிரந்தர இடம் கொடுப்பதாக அவர் சொல்லியிருந்தார். பவுலோ ஏற்கெனவே நிரந்தரம். ஆக, இடம் அன்ரன் அண்ணைக்கு, அல்லது வெளியே இருந்து வேறு யாருக்காவது.

"இயந்திரம் மெதுவா, ஆள் மெதுவா?" என்று பத்ரோன் மடம் வெர்தியேயிடம் கேட்டார். மடம் என்னை அனுப்பினார்.

இது எப்படி லா சப்பலுக்கு வந்து சேர்ந்தது என்று தெரியாது. அன்று மாலையே ரூ காயில் மரக்கறிக் கடைச் சிவா அண்ணை வெண்டிக்காயை நிறுத்தபடி கேட்டார்.

"பிள்ளை, அன்ரன்ரை மெசினை அளக்கப் போறது நீங்களாமே?"

"ஓம் அண்ணை."

"அவரின்ரை மனிசி பிள்ளை வாற விசயம். இஞ்சை நான் வெண்டிக்காய் நிறுக்கேக்கை தட்டிலை விரலாலை கொஞ்சம் அமத்திறன், ஆருக்குத் தெரியும்? நீங்களும் ஒருக்கால் அமத்தி விடுங்கோவன்."

"அப்ப என்ரை வெண்டிக்காயிலையும் அமத்தினனீங்களோ?"

"சீச்சீ, உங்கடையிலை அமத்தேல்லை" என்று சிரித்துக்கொண்டே இரண்டு பச்சைமிளகாயை மேலதிகமாகப் போட்டார்.

வீட்டுக்கு வந்தும் அந்த விரல் என்னை விடவில்லை. முதல் நிறையில் அமத்தினால் எண் கூடும், பின் நிறையில் அமத்தினால் குறையும் என்று என் மனம் தானாகக் கணக்குப் போட்டது. இப்படி யோசித்ததற்காகவே வெட்கப்பட்டேன். அப்போது நான் மூன்று மாதக் கர்ப்பம். கணவரைத் தவிர வேறு யாருக்கும் சொல்லவில்லை. முதல் பிள்ளை தங்காமல் போயிருந்தது. இதையும் வாய்விட்டுச் சொன்னால் போய்விடுமோ என்று பயம்.

மறுநாள் பவுலோவின் இயந்திரத்தை முதலில் அளந்தேன். நாற்பத்தொன்று. நிரலில் உள்ள கணக்கும் நாற்பத்தொன்று.

பிறகு அன்ரன் அண்ணையின் இயந்திரம். கட்டியை நிறுத்தேன். அவர் அதை எத்தோவில், இரும்புத் தாடைகள் இரண்டும் கடித்துப் பிடிக்கும் பிடியில், வைத்து இறுக்கினார். கட்டியின் பக்கத்தில் கொம்பரத்தர் என்ற அளவுமானியின் முள்ளை வைத்து நிலையைக் குறித்தேன். தலைமயிரளவு நகர்ந்தாலும் அந்த முள் காட்டிவிடும். கதவு பூட்டியது. நான் பக்கத்துக் கண்ணாடியால் கருவியின் நுனியை மட்டும் பார்த்தபடி நேரத்தை எடுத்தேன். அவர் இயக்கும் பலகைக்கு முன்னால், முதுகை எனக்குக் காட்டியபடி நின்றார். முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பியிருந்தார். அவருடைய கழுத்து வேர்த்திருந்தது. அன்று வெக்கை இல்லை.

பாகத்தைக் காயவைத்து, நிறுத்து, வகுத்தேன். நாற்பத்தொன்பது வந்தது.

மறுபடி வகுத்தேன். மறுபடி காற்றடித்து, மறுபடி நிறுத்தேன். நாற்பத்தொன்பதுதான். குறைந்திருந்தால் சந்தேகப்பட்டிருக்கமாட்டேன். நிரல் தரக்கூடியதே நாற்பத்தொன்று. அதற்கு மேலே போக ஒரேயொரு வழிதான் உண்டு. இயக்கும் பலகையில் ஒரு குமிழ் இருக்கிறது. நூறில் வைத்தால் நிரல் சொன்ன வேகம். கீழே திருப்பினால் கருவி மெதுவாக நகரும். மேலே நூற்றிருபது வரை திருப்பலாம். அவருடைய முதுகு அந்தக் குமிழைத்தான் மறைத்திருந்தது.

இதை யாரிடமும் சொல்லாமல் நாற்பத்தொன்று என்று எழுதிவிட்டால் எல்லோருக்கும் நல்லதுதானே என்று நினைத்தேன். உண்மையில் அந்த இயந்திரத்தால் அவ்வளவு முடியும். ஆனால் நான் அளந்தது அதுவல்ல. கழிவறைக்குப் போய் முகத்தைக் கழுவிவிட்டு அவரிடம் வந்தேன்.

"அண்ணை, குமிழைக் கூட்டினனீங்களோ?"

அவர் துணியால் கையைத் துடைத்துக்கொண்டே இருந்தார். கை சுத்தமாகத்தான் இருந்தது.

"ஓம். கடைசி மட்டும் கூட்டினனான். நம்பர் வடிவா வரட்டும் எண்டு. நீயும் தமிழ், நானும் தமிழ். என்ரை மெசினுக்குக் குறைஞ்ச நம்பர் போட்டால் என்னை வித்திட்டாய் எண்டு ஊர் சொல்லும். கூடப் போட்டால் எனக்காகப் பொய் சொன்னாய் எண்டு உவங்கள் சொல்லுவாங்கள். மெசினே கூடக் குடுத்தால் ஒருத்தருக்கும் கதை இல்லைத்தானே?"

"மெசின் அவ்வளவு குடுக்காது அண்ணை. மடம் பாத்த உடனை பிடிச்சிடுவா."

"அவவுக்கு உதுதான் வேலை" என்றார். சிரிக்கப் பார்த்தார், முடியவில்லை.

"மற்ற நாளையிலை எத்தினையிலை வைக்கிறனீங்கள்?"

"எழுபத்தஞ்சு."

ஏன் என்று கேட்டேன். யாரும் பக்கத்தில் இல்லை என்று பார்த்துவிட்டு அவர் சொன்னார். இங்கே வர முன் வேலை செய்த ஓர் இடத்தில், சரியாக இறுக்காத கட்டியொன்று பிடியை விட்டுக் கிளம்பியிருக்கிறது. கதவின் கண்ணாடி பழையது. அதை உடைத்துக்கொண்டு வந்து பக்கத்தில் நின்றவரின் முகத்தில் பட்டிருக்கிறது. கண் போய்விட்டது. அந்த மனிதரின் தலையைத் தன் மடியில் வைத்தபடி அம்புலன்ஸ் வரும்வரை அன்ரன் அண்ணை தரையில் இருந்திருக்கிறார்.

"உதை ஏன் இஞ்சை ஒருத்தருக்கும் சொல்லேல்லை?"

"அந்தெறிமிலை இருக்கிறவன் பயம் எண்டு சொன்னால் நாளைக்குப் போன் அடிக்கமாட்டாங்கள், பிள்ளை. நீயும் எழுதிப்போடாதை. மெதுவான ஆள் எண்டு எழுது, பறவாயில்லை. பயந்த ஆள் எண்டு எழுதாதை."

நான் இயந்திரத்துக்குள் குனிந்து கொம்பரத்தரைப் பார்த்தேன். முள் அசையவில்லை. வைத்த இடத்திலேயே நின்றது. நூற்றிருபதில் கூட அந்தக் கட்டி மயிரளவும் நகரவில்லை. அவர் ஒளித்துக் கூட்டிய வேகம்தான் பிடி இறுக்கமானது என்பதற்குச் சாட்சியாக இருந்தது. பிடியின் தாடைகளையும் அளந்தேன். தேய்மானம் இல்லை. கதவின் கண்ணாடி புதியது, தடித்தது. அவருக்கு எல்லாவற்றையும் காட்டினேன்.

"நூறிலை வைச்சு இன்னொருக்கால் வெட்டுவமே அண்ணை? அதுதான் உண்மையான நம்பர். பவுலோவுக்கும் அதேதான். அதை நான் ஆருக்கும் பயப்பிடாமல் எழுதலாம்."

"நூற்றிருபதிலை எப்பிடி நிண்டனான் எண்டு எனக்குத்தான் தெரியும். செபம் சொல்லிக்கொண்டு நிண்டனான். ஒருக்கால் ஏலும். உது ஒவ்வொரு நாளும்." பிறகு என்னை நேராகப் பார்த்தார். "பிடிக்கும் எண்டு நீ சொல்லுறாய். சரி. நூறிலை வைக்கிறன். நீயும் என்னோடை இந்தக் கண்ணாடிக்கு முன்னாலை நில்லு."

அவர் கேட்டதில் பிழை ஏதும் இல்லை. எண் சொல்கிறவர் மேலே இருப்பதும், அந்த எண்ணுக்கு முன்னால் நிற்கிறவர் கீழே இருப்பதும்தான் எங்கள் தொழில். முள் அசையவில்லை என்று எனக்குத் தெரியும். கட்டி வராது என்று தெரியும். சற்றுமுன் அதே கண்ணாடியின் பக்கத்தில் நின்றவள்தான், அவர் கதையைக் கேட்ட பிறகு கால் மட்டும் முன்னுக்குப் போகவில்லை. என் கை வயிற்றின் மேல் இருந்ததை நான் பிறகுதான் கவனித்தேன்.

"என்னாலை ஏலாது அண்ணை."

"பாத்தியே" என்றார். கோபமாகச் சொல்லவில்லை. அதுதான் தாங்கமுடியாமல் இருந்தது. குமிழைத் திருப்பி எழுபத்தைந்தில் வைத்துவிட்டு, கட்டியை இறக்கப் போனார். அவ்வளவோடு என் எண் செத்துவிட்டது. நான் எதை எழுதினாலும் இனி அவர் நம்பப்போவதில்லை.

"அண்ணை, எனக்கு மூண்டு மாதம்."

அவர் திரும்பிப் பார்த்தார். விளங்க ஒரு கணம் எடுத்தது. பிறகு மண்டபம் முழுக்கக் கேட்கிற மாதிரிச் சத்தம் போட்டார்.

"விசரி! உதை ஏன் முதலே சொல்லேல்லை? உந்தப் பாரத்தையும் தூக்கித் தூக்கித் தராசிலை வைச்சனி! போ! போ அங்காலை!"

பவுலோ தன் இயந்திரத்தை நிறுத்திவிட்டு எட்டிப் பார்த்தார். சண்டை என்று நினைத்திருப்பார். "ஒண்டுமில்லை, குடும்பக் கதை" என்று அன்ரன் அண்ணை பிரெஞ்சில் அவருக்குச் சொன்னார்.

அவரே புதிய கட்டியைத் தூக்கித் தராசில் வைத்தார். நான் நிறையைக் குறித்தேன். அவரே பிடியில் ஏற்றினார், இறுக்கினார், இன்னொருமுறை இறுக்கினார். கொம்பரத்தரை மட்டும் நான் வைத்தேன். பிறகு என்னைத் தூணுக்கு அந்தப் பக்கம் போகச் சொன்னார்.

"அங்கை இருந்து கருவி தெரியாது அண்ணை. நேரம் எடுக்க ஏலாது."

"கருவி தொடேக்கை நான் கையைத் தூக்குறன். விடேக்கை இறக்குறன். நீ கையைப் பார்."

நான் தூணுக்குப் பின்னால் நின்று பார்த்தேன். அவர் குமிழை நூறில் வைத்தார். கண்ணாடிக்கு முன்னால் வந்து நின்றார். இடது கையைக் காற்சட்டைப் பைக்குள் விட்டார். குமிழுக்கு அந்தக் கை இனிப் போகாது என்று எனக்குக் காட்டுவதற்காக என்று இப்போது நினைக்கிறேன். கருவி உலோகத்தைத் தொட்டது. அந்தச் சத்தம் பாதத்தின் வழியாக ஏறும். வலது கையைத் தூக்கினார்.

கருவி வெட்டும்போது தூக்கி, காற்றில் போகும்போது இறக்கி, மறுபடி தூக்கி, முழு வெட்டுக்கும் அப்படியே நின்றார். ஒருமுறைகூடச் சுவர்ப்பக்கம் திரும்பவில்லை. எனக்கு அந்தக் கையைத் தவிர வேறொன்றும் தெரியவில்லை. வாழ்க்கையில் நான் எடுத்த நேரங்களிலேயே மிகச் சரியாக எடுத்தது அதுதான் என்று நம்புகிறேன்.

நாற்பத்தொன்றுக்கு ஒரு மயிரிழை குறைவாக வந்தது. முள் அசையவில்லை.

மடம் வெர்தியேயிடம் மூன்று எண்களையும் கொண்டுபோனேன். குமிழ் எழுபத்தைந்தில் இருந்தால் முப்பத்தொன்று, நூறில் நாற்பத்தொன்று, நூற்றிருபதில் நாற்பத்தொன்பது. முதலாவதைக் கணக்கிட்டேன், மற்ற இரண்டையும் அளந்தேன் என்றும் எழுதியிருந்தேன். எல்லாவற்றையும் எழுதுவதா, நடுவிலுள்ளதை மட்டும் எழுதுவதா என்று படியில் நின்று யோசித்தபோது, மறைத்தால் அவர் முகத்தைப் பார்த்துப் பேச என்னால் முடியாது என்று தெரிந்தது. அவர் கண்ணாடியைக் கழற்றி வைத்தார்.

"நூற்றிருபதில் வைக்க யார் சொன்னது?"

"யாரும் சொல்லவில்லை. அவராக வைத்தார்."

"நல்ல எண் வருவதற்காக?"

"ஆம்."

"எழுபத்தைந்து ஏன்?"

அன்ரன் அண்ணை எழுதாதே என்று சொன்னது எனக்கு நினைவிருந்தது. சொல்லாதே என்றும் அதற்கு அர்த்தம்தான். "அவர் கவனமானவர்" என்றேன். அது பொய்யில்லை. முழு உண்மையும் இல்லை என்று அவருக்குத் தெரிந்திருக்கும்.

"கொம்பரத்தர்?"

"இரண்டு முறையும் அசையவில்லை."

அவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டார். "பத்ரோன் ஒரு எண்தான் கேட்டார். ஒரு எண் கொடுக்கிறேன்." நாற்பத்தொன்றின் கீழே கோடிட்டார். பிறகு, நான் கதவருகே போனபோது, "இனிப் பாரமான பாகத்தைத் தராசில் ஏற்றுவதற்கு யாரையாவது கூப்பிடுங்கள்" என்றார். அன்ரன் அண்ணை போட்ட சத்தம் மேல்மாடி வரை கேட்டிருக்கிறது. அவருக்குத் தமிழ் தெரியாது. எப்படி விளங்கியது என்று நான் கேட்கவில்லை.

அன்ரன் அண்ணைக்கு நிரந்தர ஒப்பந்தம் கிடைத்தது. அதே வாரம் பத்ரோன் இன்னொன்றும் செய்வித்தார். இயந்திரம் நாற்பத்தொன்று கொடுக்கும் என்று அளந்து நிரூபித்த பிறகு, அதைவிடக் குறைவாக ஏன் ஓடவேண்டும்? இரண்டு இயந்திரங்களிலும் குமிழை நூறில் பூட்டச் சொன்னார். வெட்டு ஓடும்போது அதை இனி யாராலும் கீழே திருப்ப முடியாது. அவசரத்துக்கு முழுவதையும் நிறுத்தும் சிவப்புப் பொத்தான் மட்டும்தான். பவுலோவுக்கு அதில் மாற்றம் ஒன்றும் இல்லை. மதியம் அன்ரன் அண்ணை தொலைபேசியைச் சாய்த்து வைத்து மனைவிக்கும் மகளுக்கும் ஒப்பந்தத் தாளைப் பக்கம் பக்கமாகக் காட்டிக்கொண்டிருந்தார்.

நான் அளக்காமல் விட்டிருந்தால் அவருக்கு இடம் கிடைத்திருக்காது. அளந்ததால் குமிழ் போனது. இரண்டில் எதைச் செய்திருக்கவேண்டும் என்று இத்தனை வருடமாக மாற்றி மாற்றி யோசித்திருக்கிறேன். அவருடைய பயத்தையும் மடத்திடம் சொல்லியிருந்தால் குமிழைப் பூட்டாமல் விட்டிருப்பார்களோ, அல்லது ஆளை வெளியே விட்டிருப்பார்களோ. முள் அசையாததை நிரூபிக்க என்னிடம் கருவி இருந்தது. அவருடைய பயத்துக்கு இருக்கவில்லை.

என் மகள் பிறந்து நடக்கத் தொடங்கிய பிறகுதான் தொசியே சரிவந்து அவர்கள் வந்து சேர்ந்தார்கள். அதற்கு முன்பே என் கைகள் என்னை வேலையிலிருந்து நிறுத்தியிருந்தன. ஒரு சனிக்கிழமை ரூ காயில், உணவகத்துக்கு வெளியே, மூன்று பேரையும் கண்டேன். அன்ரன் அண்ணை என் மகளைக் கண்டதும் குனிந்து, "மடமுவசேல்! என்னை நூறிலை நிப்பாட்டின ஆள் இவதான்" என்று தன் மகளுக்கு அறிமுகப்படுத்தினார். அந்தப் பிள்ளைக்கு ஒன்றும் விளங்கவில்லை. பிள்ளைவண்டியைத் தானே தள்ளப்போவதாக வாங்கிக்கொண்டார்.

அவருடைய மனைவி ஜெனிற்றா என் கையைப் பிடித்து நன்றி சொன்னார். பிறகு குரலைத் தாழ்த்தினார்.

"தங்கச்சி, உங்களிட்டை ஒண்டு கேக்கவேணும். வீட்டிலை வாஷிங் மெசின் கடைசியிலை தண்ணி பிழியச் சுத்துமெல்லே, அது தொடங்கினால் இவர் எழும்பிக் கதவைத் திறந்துகொண்டு வெளியிலை போயிடுறார். நிக்கும்வரைக்கும் படியிலைதான் நிக்கிறார். கேட்டால் பகிடி விடுறார்."

"அது நிமிசத்துக்கு ஆயிரத்தி இருநூறு சுத்து" என்றார் அன்ரன் அண்ணை, முன்னால் போய்க்கொண்டே. "உள்ளுக்கை ஒண்டையும் இறுக்கியும் வைக்கேல்லை."

நான் சிரித்துவிட்டேன். ஜெனிற்றா சிரிக்கவில்லை.

"வேலையிலையும் உப்பிடித்தான் வெளியிலை போறவரோ?"

"இல்லை அக்கா" என்றேன். "அங்கை ஒவ்வொரு துண்டுக்கும், தொடங்கினதிலை இருந்து முடியும்வரைக்கும், கண்ணாடிக்கு முன்னாலைதான் நிப்பார்."

அவர் என் கையை விடாமல் நின்றார். விரல்களில் இருந்த வெடிப்புகள் அவருக்குத் தட்டுப்பட்டிருக்கும். அன்ரன் அண்ணை வீதியைக் கடந்து அந்தப் பக்கம் போய், வண்டியின் பிரேக்கைக் காலால் அமத்திவிட்டு, அது பிடித்திருக்கிறதா என்று ஒருமுறை தள்ளிப் பார்த்தார். பிறகு இன்னொருமுறை.